சிவப்பு மை

பாப்பா,

போன்ல பேசினா "ம்", "சரிப்பா", "வச்சிடவா" இந்த மூணுலயே நீ முடிச்சிடுற, எனக்கும் அதுக்கு மேல வாய் வர மாட்டேங்குது, அதான் டைப் பண்றேன். எழுத்துப்பிழை இருந்தா பொறுத்துக்கோ, உங்கம்மாகிட்ட காட்டாமதான் அனுப்புறேன்.

போன மாசம் பரண் ஒழிக்கும்போது உன் பன்னெண்டாங் கிளாஸ் இங்கிலீஷ் புக் கிடைச்சது, சிபிஎஸ்இ ஃபிளமிங்கோ. அதுல கடைசி பக்கமா ஒரு பாட்டு, ஆன்ட் ஜெனிஃபர்ஸ் டைகர்ஸ். ஞாபகம் இருக்கும், மொத்தமே பன்னெண்டு வரி. ஒரு அம்மா கம்பளி நூல்ல புலி போட்டுக்கிட்டிருக்கா, புலிங்க எவனுக்கும் பயப்படாம நடக்குது, ஆனா போடுறவளோட விரல் நடுங்குது, ஊசிய இழுக்க முடியல, ஏன்னா கையில அங்கிளோட கல்யாண மோதிரம் கனமா உக்காந்திருக்கு. அவ செத்தப்புறமும் மோதிரம் விடல, புலி மட்டும் துள்ளிக்கிட்டே இருக்கு. "மோதிரம் எதைக் குறிக்கிறது" னு நான் கேள்வி கேட்டு, நீ பதில் எழுதி, நான் திருத்தி, நீ திரும்ப எழுதி, அந்த ஒரு பாட்டுக்கே நாலு ராத்திரி. எழுதினது யாருன்னு நாம ரெண்டு பேருமே பாக்கல. பேரு ஏட்ரியன் ரிச், அமெரிக்கா, அதோட சரி.

ரிட்டயர் ஆனவனுக்கு வேற என்ன வேலை, இந்த வாட்டி தேடிப் படிச்சேன். முதல்ல கவிதை, அப்புறம் கட்டுரை, கட்டுரைதான் என்னை உக்கார வச்சிருச்சு.

அந்தம்மா 1929ல பால்டிமோர்ல பொறந்தவங்க. அப்பா ஆர்னால்ட் ரிச், ஜான்ஸ் ஹாப்கின்ஸ்ல பெத்தாலஜி புரொஃபசர், பெரிய டாக்டர். அம்மா ஹெலன், மேடையில வாசிக்கிற அளவுக்குப் பல வருஷம் பியானோ கத்துக்கிட்டவங்க, கல்யாணம் ஆனதும் அதெல்லாம் விட்டுட்டு புள்ளைங்கள புருஷன் போட்ட பிளான்படி வளர்க்க உக்காந்துட்டாங்க, சின்ன கிளாஸ் பாடமெல்லாம் வீட்லயேதான் நடந்துச்சு. அந்த அப்பா தன்னோட லைப்ரரிய மூத்த மகளுக்குத் திறந்து விட்டு, பெரிய பெரிய கவிங்க பாட்டையெல்லாம் பாத்து எழுத வச்சு, அவ எழுதினதத் திருத்தி, பாராட்டி, திட்டி... இங்க வரும்போதே எனக்கு லேசா வயித்துல ஏதோ பண்ணுச்சு. அப்புறம் 1971ல எழுதின ஒரு கட்டுரையில அந்தம்மா சொல்றாங்க, கிட்டத்தட்ட இருபது வருஷம் நான் ஒரே ஒரு ஆம்பளைக்காகத்தான் எழுதினேன், அவரைத் திருப்திப்படுத்தணும்னு, இல்ல, அவருக்குப் பிடிக்காம போயிடக் கூடாதுன்னு. அந்த ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்னு யோசிச்சு யோசிச்சு அன்னைக்கு ராத்திரி எனக்குத் தூக்கமே வரல. ஸ்கூல்ல இருந்து வந்ததும் மார்க் ஷீட்டை டேபிள் மேல வச்சுட்டு என் முகத்தையே பாத்துக்கிட்டு நிப்பியே, அது திருப்தியா பயமான்னு நான் ஒருநாளும் யோசிச்சதில்ல பாப்பா.

முதல் புக்கு 1951ல, காலேஜ் முடிக்கிற வருஷம். ஆடன்னு பெரிய கவிஞர், அவர்தான் இளம் கவிஞர்களுக்கான யேல் பரிசுக்குத் தேர்ந்தெடுத்து முன்னுரை குடுத்தார். இந்தக் கவிதைங்க நேர்த்தியா அடக்கமா டிரஸ் பண்ணியிருக்கு, பெரியவங்களுக்கு மரியாதை குடுக்குது, பொய் சொல்லலங்கிற ரீதியில பாராட்டு. பொண்ணு பாக்க வந்தவங்க பேசுற மாதிரி இல்ல? புலிப் பாட்டு அந்தப் புக்லதான் இருக்கு. அதைப் பத்தி அந்தம்மாவே பின்னாடி ஒண்ணு சொல்றாங்க, அந்த எதுகை, கட்டு, அளவெல்லாம் அஸ்பெஸ்டாஸ் கையுறை மாதிரி, வெறுங்கையால தொட முடியாத விஷயத்தை அதைப் போட்டுக்கிட்டுத் தொட்டேன்னு. சுடு பாத்திரத்தை உங்கம்மா பிடிதுணி வச்சுத் தூக்குவாளே, அது. நான் என்னடான்னா உனக்கு அந்தத் துணியோட நெசவை மட்டும் சொல்லிக் குடுத்திருக்கேன், பாத்திரம் சுடுதுன்னு சொல்லவே இல்ல.

இப்ப நான் எழுத வந்த இடத்துக்கு வரேன்.

1953ல அந்தம்மாவுக்குக் கல்யாணம். மாப்பிள்ளை ஆல்ஃப்ரெட் கான்ராட், ஹார்வர்டுல எக்கனாமிக்ஸ். கல்யாணமும் ஹார்வர்டுலயே, யூத மாணவர்களுக்கான ஹில்லெல் ஹவுஸ்ல. பெத்தவங்க ரெண்டு பேருமே வரல. காரணம் கேட்டா சிரிப்பா வரும், அழுகையாவும் வரும். அந்த டாக்டரே யூதர்தான், ஆனா வீட்ல அதைப் பத்திப் பேச மாட்டார், புள்ளைங்க கிறிஸ்டியன் சர்ச்சுக்குப் போய் வளந்தாங்க. மாப்பிள்ளை கிழக்கு ஐரோப்பாவுல இருந்து வந்த, ஆசாரமான, ப்ரூக்ளின் குடும்பம், அதாவது இவங்க கண்ணுக்கு வேற தினுசு யூதன். வெளிய இருக்கிறவனுக்கு ரெண்டும் ஒண்ணு, உள்ள இருக்கிறவனுக்கு மலைக்கும் மடுவுக்கும் உள்ள தூரம். நம்ம ஊர்ல இதுக்கு என்ன பேருன்னு நான் உனக்குச் சொல்ல வேணாம். ஒரே ஜாதிக்குள்ளயே "அவங்க வேற பிரிவு" னு நான் சொன்ன வாய்தானே. அந்த ரிஜிஸ்டர் ஆபீஸ் வாசல்ல உன் ஃப்ரெண்ட்ஸ் நாலு பேரு கையெழுத்துப் போட்டாங்கன்னு அப்புறம் ஃபோட்டோவுலதான் பாத்தேன், நீ மாம்பழக் கலர் புடவை கட்டியிருந்த.

அந்த அப்பாவும் மகளும் பேசாம கிடந்த வருஷங்களைப் பத்தி, தான் யூதப் பொண்ணா இல்லையான்னு தவிச்சதைப் பத்தி, 1982ல ஒரு கட்டுரை எழுதியிருக்காங்க, ஸ்ப்ளிட் அட் தி ரூட்னு. வேர்லயே பொளந்ததுன்னு வச்சுக்கோ. அதுல 1946ல ஸ்கூல் விட்டதும் தனியா ஒரு தியேட்டருக்குப் போயி, நாஜி முகாம்களை விடுவிச்ச படச்சுருளைப் பாத்துட்டு வீட்ல வந்து சொன்னா, அப்பா அம்மாவுக்கு அது பிடிக்கலன்னு வருது. பதினாறு பதினேழு வயசுப் பொண்ணு, தன் சனத்தோட பொணத்தைப் பாத்துட்டு வந்து நிக்குறா, வீட்ல பேச்சை மாத்துறாங்க.

அந்த அப்பா 1968 ஏப்ரல்ல இறந்துட்டார். அதே வருஷம் ஜூலையில மகள் எழுதினது என்ன தெரியுமா, கஜல். நம்ம உருதுக் கவிஞர் காலிப் எழுதினாரே, அந்த வகைப் பாட்டு. அய்ஜாஸ் அகமதுன்னு உருது தெரிஞ்ச எழுத்தாளர் காலிப் பாட்டுங்கள வார்த்தைக்கு வார்த்தை இங்கிலீஷ்ல குடுக்க, அதை வச்சுப் பல கவிஞர்கள் மொழிபெயர்த்தாங்க, அந்த வேகத்துல இவங்க தன்னோட சொந்த கஜல்களையும் எழுதினாங்க. எதுகை இல்ல, ரெண்டு ரெண்டு வரி, ஒண்ணுக்கொண்ணு ஒட்டாம தனித்தனியா நிக்கும். கையுறையக் கழட்டுறது அதுக்கு முன்னாடியே ஆரம்பிச்சாச்சு, ஆனாலும் திருத்திக்கிட்டிருந்த அப்பா செத்துப்போன அந்தக் கோடையில இப்படி ஒண்ணு வந்துச்சுன்னு நான் கணக்குப் போட்டுப் பாத்தேன், என் கணக்குதான், தப்பா இருக்கலாம்.

ரெண்டு வருஷத்துல, 1970ல, புருஷனும் தற்கொலை பண்ணிக்கிட்டார். மூணு பையன். அதுக்கப்புறம் டைவிங் இன்டு தி ரெக்னு கவிதைப் புக்கு வந்து 1974ல நேஷனல் புக் அவார்டு கிடைச்சப்ப, தனியா வாங்க மாட்டேன்னு ஆட்ரி லார்ட், ஆலிஸ் வாக்கர்னு கூடப் போட்டியில இருந்த ரெண்டு கறுப்பினப் பெண்களோட சேந்து எல்லாப் பொண்ணுங்க சார்பாவும் வாங்கினாங்க. 1976ல இருந்து மிஷெல் க்ளிஃப்ங்கிற எழுத்தாளரோட, ஒரு பொண்ணோட, 2012ல சாகுற வரைக்கும் வாழ்ந்தாங்க. இதை அஞ்சு வருஷம் முன்னாடி படிச்சிருந்தா புக்க மூடியிருப்பேன், இப்ப மூடல, அவ்வளவுதான் சொல்ல முடியும்.

உங்கம்மாவுக்கு ஆஃப் வுமன் பார்ன்ல இருந்து ஒரு பகுதி படிச்சு அர்த்தம் சொன்னேன். தாய்மையைப் பத்தின புக்கு, 1976. மூணாவது பையன் பொறந்ததும் கர்ப்பத்தடை ஆபரேஷன் பண்ணிக்க அந்தம்மா லெட்டர் எழுதிக் குடுக்கணும், அதுல புருஷன் கையெழுத்துப் போடணும், டாக்டருங்க கமிட்டி ஒத்துக்கணும். மூட்டுவாதம் இருந்ததால அதைக் காரணமா சொல்லித் தப்பிச்சாங்க, "எனக்குப் போதும்" ங்கிறது காரணமா ஆகாது. மயக்கம் தெளிஞ்சா நர்ஸ் வந்து, நாய்க்குப் பண்ற மாதிரி பண்ணிக்கிட்டியாக்கும்னு கேக்குறா. உங்கம்மா வெண்டைக்கா நறுக்குறத நிறுத்தல, "எனக்கும் நீங்கதான கையெழுத்துப் போட்டீங்க" ன்னா, அப்புறம் "அந்தம்மா பசங்களோட சந்தோஷமாவே இருந்ததில்லையா" ன்னா. இருந்தாங்களே, வெர்மான்ட்ல ஒரு கோடையில, புருஷன் ஊர்ல இல்லாத சில வாரம், நேரத்துக்குச் சாப்பாடு இல்ல, தூக்கம் இல்ல, பசங்களோட கப்பல் கவுந்து கரை ஒதுங்கினவங்க மாதிரி இஷ்டத்துக்கு இருந்தோம்னு எழுதியிருக்காங்கன்னேன். "நீங்க ஆடிட்டுக்குப் போற வாரமெல்லாம் நாங்களும் அப்படித்தான், ராத்திரி பத்து மணிக்கு மேகி" ன்னு சொல்லிட்டு எழுந்து போயிட்டா. முப்பது வருஷமா எனக்குத் தெரியாது.

1977ல டக்ளஸ் காலேஜ்ல பொண்ணுங்க முன்னாடி பேசின ஒரு பேச்சும் இருக்கு, படிப்ப யாரோ குடுத்து வாங்கிக்காதீங்க, உங்களோடதுன்னு கேட்டு எடுத்துக்கோங்கன்னு. "நான் குடுத்த படிப்பு" ன்னு உன்கிட்ட எத்தனை வாட்டி சொல்லியிருப்பேன்னு எண்ண ஆரம்பிச்சு விட்டுட்டேன்.

சரி, அந்த ஃபிளமிங்கோ. புலிப் பாட்டு ஓரத்துல பென்சில்ல உன் கையெழுத்து: "அங்கிள் எங்க? பாட்டுல ஆளே காணோம், மோதிரம் மட்டும்தான் இருக்கு." அதுக்குக் குறுக்க என் சிவப்புக் கோடு, பக்கத்துல "தேவையில்லை, மார்க் வராது". நான் திரும்பப் படிச்சுப் பாத்தேன் பாப்பா, நீ சொன்னது சரி, அங்கிள் வரவே இல்ல, அந்தப் பாட்டோட உயிரே அதுதான், பதினேழு வயசுல பாத்திருக்க.

நேத்து ரப்பர் வச்சுத் தேச்சேன். உன் பென்சில் எழுத்துதான் மங்குது, என் சிவப்பு அப்படியே இருக்கு, அதனால நிறுத்திட்டேன். புக்க கொரியர்ல அனுப்பவா, இல்ல பொங்கலுக்கு நீயும் மாப்பிள்ளையும் வரும்போது எடுத்துக்கிறீங்களான்னு கேட்டுச் சொல்லு.

அப்பா