லீ இல்ல, லேயா: மேடையை விட்டுட்டு எழுதின கட்டுரை பத்தி

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன ஞாயித்துக்கிழமை கலைப் பக்கத்துல பிலிப்பைன்ஸ் பாடகி லேயா சலோங்கா பத்தி கட்டுரை வந்திருந்துச்சு. பாத்ததுமே எனக்கு அவ்ளோ சந்தோஷம். தமிழ்ப் பேப்பர்ல ஒரு நாடகப் பாடகிக்கு, அதுவும் வேற நாட்டு நாடகப் பாடகிக்கு அரைப் பக்கம் ஒதுக்கறதே பெரிய விஷயம், அதுக்கு மொதல்ல நன்றி சொல்லிக்கறேன். ஆனா படிச்சு முடிச்சதும் மனசு ஒரு மாதிரி ஆயிடுச்சு, ரெண்டு நாளா சொல்லலாமா வேணாமான்னு யோசிச்சிட்டு இப்ப எழுதறேன்.

மொதல்ல பேரு. கட்டுரை முழுக்க லீ சலோங்கான்னு போட்டிருக்கீங்க. அது லேயா. இங்கிலீஷ் ஸ்பெல்லிங்க பாத்தா லீன்னுதான் படிக்கத் தோணும், அது புரியுது, ஆனா ஒவ்வொரு எழுத்தையும் சுத்தமா உச்சரிக்கறதையே தொழிலா வச்சிருக்கிற ஒருத்தங்களோட பேரையாவது நாம சரியா எழுதணும் இல்லையா.

அடுத்தது, கட்டுரையில முக்கால்வாசி டிஸ்னி. 1992-ல வந்த அலாதின் படத்துல ஜாஸ்மினுக்கும் 1998-ல முலானுக்கும் பாடினது அவங்கதான், உண்மை. ஜாஸ்மினுக்கு வசனம் பேசினது லிண்டா லார்கின், முலானுக்கு மிங்-நா வென், பாட்டு வர்ற இடத்துல மட்டும் லேயாவோட குரல். பின்னணிப் பாடகின்னு ஒரு வார்த்தை சொன்னாலே நம்ம ஆளுங்களுக்கு இது புரிஞ்சிடும். அந்த வேலைய நான் குறைச்சு சொல்லல, 1993 ஆஸ்கர் மேடையில பிராட் கேன் கூட அவங்க அலாதின் பாட்ட பாடினத எத்தனை தடவ போட்டுப் பாத்திருப்பேன்னு எனக்கே கணக்கு தெரியாது. ஆனா அதெல்லாம் ஸ்டூடியோக்குள்ள போய் பாடிட்டு வந்த வேலை. அவங்க வாழ்க்கை முழுக்க மேடையிலதான் நடந்திருக்கு, அந்த மேடைக்கு உங்க கட்டுரையில மூணே வரி. அதுல ஒரு வரி, சரளமான ஆங்கிலம் அவருக்குக் கைகொடுத்ததுன்னு முடியுது. அந்த வரிக்காகத்தான் இந்தக் கடிதமே.

நான் பசங்களுக்கு பாட்டு சொல்லிக் கொடுக்கறவ. என்கிட்ட படிச்ச ஒரு பொண்ணு, வீட்ல தமிழ் மட்டும் பேசற குடும்பம், ஸ்கூல்ல போட்ட ஒரு இங்கிலீஷ் மியூசிக்கலுக்கு, அதாவது பாட்டாலயே கதை சொல்ற நாடகத்துக்கு, மூணு மாசம் உயிரக் கொடுத்து ப்ராக்டிஸ் பண்ணுச்சு. நல்ல குரல், சுருதி அசையாது. ஆனா பாட்டு நல்லாருக்கு, இங்கிலீஷ் உனக்கு வராதுன்னு சொல்லி கடைசி வரிசை கோரஸ்ல நிக்க வச்சிட்டாங்க. அதுக்கப்புறம் ஒரு வருஷம் அந்தப் பொண்ணு வாயத் திறந்து பாடவே இல்ல. இங்கிலீஷ் சரளமா இருந்ததால ஜெயிச்சாங்கன்னு எழுதினா, படிக்கிற அந்த மாதிரி பசங்களுக்கு என்ன தோணும்? அது பொறப்புலயே சில பேருக்கு வாய்க்கிற விஷயம், நமக்கு இல்லன்னுதான் தோணும். ஆனா லேயா மாதிரி பிலிப்பைன்ஸோட தகலோக்லயும் இங்கிலீஷ்லயும்னு ரெண்டு மொழியில பாடறதுங்கறது வாயால, நாக்கால, மூச்சால செய்யற வேலை, உக்காந்து சாதகம் பண்ணி வர வைக்கிற வேலை.

உதாரணத்துக்கு சொல்றேன். தகலோக் மொழியோட சொந்த வார்த்தைகள்ல ஃப வும் கிடையாது, இங்கிலீஷ் வி ஒலியும் கிடையாது, தமிழ்லயும் ஃப நம்ம சொந்த ஒலி இல்ல, ஃபேன பேன்னு சொல்லிட்டுப் போறவங்கதான் நாம. அதே தகலோக்ல பாசான்னு ஒரு வார்த்தை, முன்னாடி அழுத்தி சொன்னா படிக்கிறதுன்னு அர்த்தம், பின்னாடி அழுத்தி சட்டுன்னு நிறுத்தினா ஈரம்னு அர்த்தம். மெட்டு போடறவர் அழுத்தத்த எடம் மாத்திட்டா அர்த்தமே போச்சு. நம்ம பாட்டுல பல்ல இழுத்தா பால் ஆயிடற மாதிரிதான். இங்கிலீஷ்ல கஷ்டம் வேற மாதிரி, முக்கியமான வார்த்தை நிறைய மெய்யெழுத்துலதான் போய் முடியும், நீளமா ஒரு ஸ்வரத்த புடிச்சு நின்னுட்டு கடைசில வர்ற அந்த ட்டும் க்கும் கடைசி சீட்ல இருக்கறவங்களுக்கும் கேக்கணும், மூச்சும் விடக்கூடாது, அழுகையும் நிக்கக்கூடாது. இந்த ரெண்டு பழக்கத்தையும் ஒரே வாயில வச்சிக்கிட்டு ஒண்ணோட சாயல் இன்னொண்ணுல விழாம பாடறது எவ்ளோ கஷ்டம்னு பாடறவங்களக் கேட்டாதான் தெரியும்.

அவங்க இத சின்ன வயசுலேயே ஆரம்பிச்சிட்டாங்க. 1971-ல மணிலாவுல பொறந்தவங்க, 1978-ல ஏழு வயசுல ரெப்பர்டரி பிலிப்பைன்ஸ் குழுவோட நாடகத்துல மேடை ஏறினாங்க, 1980-ல அதே குழு போட்ட ஆனி நாடகத்துல ஆனியே இவங்கதான், பத்து வயசுல மொதல் ஆல்பம். மணிலா நாடக உலகத்த பத்தி ஒண்ணு சொல்லணும். ரெப்பர்டரி பிலிப்பைன்ஸ் 1967-ல ஆரம்பிச்சது, இங்கிலீஷ் நாடகம் போடற குழு. அதே 1967-ல ஆரம்பிச்ச இன்னொரு குழு பெட்டா, அவங்க சொந்த மொழியில நாடகம் போடறதுக்காகவே வந்தவங்க. ஒரே ஊரு, ஒரே வருஷம், மேடை மட்டும் மொழியால ரெண்டா நின்னுச்சு. இங்கிலீஷும், தகலோக்க அடிப்படையா வச்ச ஃபிலிப்பினோவும், ரெண்டுமே அந்த நாட்டோட ஆட்சி மொழிகள்தான். லேயா வளந்தது இங்கிலீஷ் மேடையில, ஆனா அதுக்கப்புறம் தகலோக் சினிமாலயும் அவங்க நடிச்சாங்க, அந்த ஊர்ல அகா முலாக்கோட ஜோடியா நடிச்ச படங்கள இன்னும் பேசறாங்க. உங்க கட்டுரையில இத பத்தி ஒரு வார்த்தை கூட இல்ல.

1988 கடைசில மிஸ் சைகான் மியூசிக்கலுக்கு ஆள் தேடி லண்டன்லேந்து குழு மணிலாவுக்கு வந்துச்சு. அப்ப லேயாவுக்கு 17 வயசு, டாக்டராகணும்னு அத்தெனியோ பல்கலைக்கழகத்துல படிச்சிட்டிருந்தாங்க. ஆடிஷன்ல அவங்க பாடினது லே மிசராப் மியூசிக்கல்ல எபோனின்ங்கிற பொண்ணு தனியா நின்னு பாடற பாட்டு. அஞ்சே வருஷத்துல, 1993-ல, அந்த எபோனின் வேஷத்தையே நியூயார்க்கோட பெரிய நாடக அரங்குகள் இருக்கிற பிராட்வேயில போட்டாங்க, அங்க அந்த வேஷம் போட்ட மொதல் ஆசியப் பொண்ணு அவங்கதான். 1995-ல லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹால்ல நடந்த பத்தாவது ஆண்டு விழாவுலயும் எபோனின் அவங்கதான், 2010-ல 25-வது ஆண்டு விழாவுல ஃபான்டீன்ங்கிற அம்மா வேஷத்துல வந்து நின்னாங்க. ஒரே மியூசிக்கல்ல மகள் வயசு வேஷத்துலேந்து அம்மா வேஷத்துக்கு வர்றதெல்லாம் எல்லாருக்கும் கிடைக்கிற பாக்கியம் இல்ல.

மிஸ் சைகான் 1989 செப்டம்பர் 20-ம் தேதி லண்டன் டுரூரி லேன் தியேட்டர்ல ஆரம்பிச்சது. கதாநாயகி கிம், வியட்நாம் போர்ல குடும்பத்த இழந்த பொண்ணு. அந்த நாடகத்துல பேச்சு வசனம்னு தனியா இல்ல, கிட்டத்தட்ட மொத்தமும் பாட்டு. சண்டையும் பாட்டு, கெஞ்சறதும் பாட்டு, புள்ளைக்கு சொல்ற கடைசி வார்த்தையும் பாட்டு. வாரத்துக்கு 8 காட்சி நடக்கிற நாடகம் அது. ஒரே ஆள் எட்டையும் பாடினா தொண்டை தாங்காதுன்னு கிம் வேஷத்துக்கு மட்டும் சில காட்சிக்கு மாத்தா இன்னொரு நடிகைய வச்சிருந்தாங்க, லண்டன்ல அந்த எடத்துல பாடின மோனிக் வில்சனும் மணிலா பொண்ணுதான். இந்த வேஷத்துக்கு லேயாவுக்கு 1990-ல லண்டன் நாடகங்களுக்கு கொடுக்கற ஒலிவியே விருது கிடைச்சது. ஆசியப் பொண்ணுன்னா வெள்ளைக்காரனுக்காக உருகி உயிர விடறவளா காட்டற கதைன்னு அந்த நாடகத்து மேல நிறைய ஆசியர்களுக்கு கோவம் இருக்கு, அந்தக் கோவம் நியாயம்னுதான் நானும் நினைக்கிறேன். ஆனா அந்தக் கதைக்குள்ள அந்தப் பொண்ணுக்கு ஒரு முதுகெலும்பு வந்துச்சுன்னா அது இவங்க பாடின விதத்தால.

லண்டன் முடிஞ்சு நியூயார்க் போறப்ப பெரிய சண்டை. லண்டன்ல பாதி வியட்நாமியனா நடிச்ச ஜோனதன் பிரைஸ் ஒரு வெள்ளைக்காரர், கண் இமைக்கு ஏதோ ஒட்டி, தோலுக்கு கலர் பூசி ஆரம்பத்துல நடிச்சாரு. 1990-ல அமெரிக்க மேடை நடிகர் சங்கம் அவருக்கு அனுமதி தரமாட்டோம்னு சொல்ல, தயாரிப்பாளர் கேமரன் மேக்கின்டாஷ் நாடகமே வேணாம்னு ரத்து பண்ண, சங்கம் இறங்கி வந்துச்சு. அதோட முடியல, லேயாவுக்கும் தடை வந்துச்சு, எங்க நாட்டு ஆசிய நடிகைகளுக்கு அந்த வேஷத்த குடுங்கன்னு. அதுவும் நியாயமான கேள்விதான், அவங்களுக்கு பிராட்வேயில வேற எத்தனை வேஷம் இருந்துச்சு? கடைசில 1991 ஜனவரில நடுவர் முன்னாடி போய்தான் லேயா நடிக்கலாம்னு முடிவாச்சு. ஏப்ரல் 11-ல நாடகம் ஆரம்பிச்சது, அதே வருஷம் அவங்களுக்கு பிராட்வே நாடகங்களுக்கு கொடுக்கற டோனி விருது. வயசு 20. டோனி வாங்கின மொதல் ஆசியப் பெண். உங்க கட்டுரை இத ஒரு விருதுப் பட்டியல்ல போட்டு கடந்து போயிடுச்சு சார்.

அதுக்கப்புறம் அவங்க போட்ட வேஷங்கள வரிசையா பாருங்க. 2002-ல ஃப்ளவர் டிரம் சாங்ல சீனப் பொண்ணு. 2015-ல அலீஜியன்ஸ்ல, ரெண்டாம் உலகப்போர் நேரத்துல அமெரிக்கா முகாம்ல அடைச்சு வச்ச ஜப்பானியக் குடும்பத்துப் பொண்ணு. 2017-ல ஒன்ஸ் ஆன் திஸ் ஐலண்ட்ல கரீபியத் தீவு ஒண்ணோட காதல் தெய்வம். அதுக்கு முன்னாடியே வியட்நாம், பிரான்ஸ். இத்தனை நாட்டுப் பொண்ணா ஆயாச்சு, ஆனா பிராட்வேயில அவங்க சொந்த நாட்டுப் பொம்பளையா ஒரு தடவ கூட நின்னதில்ல. அந்த வாய்ப்பு 2023-லதான் வந்துச்சு, ஹியர் லைஸ் லவ் நாடகத்துல. பிராட்வேயில மொத்த நடிகர்களும் பிலிப்பினோ வம்சாவளியா இருந்த மொதல் நாடகம் அது. லேயா அதுல தயாரிப்பாளர்கள்ல ஒருத்தர், ஜூலை ஆகஸ்ட்ல கொஞ்ச நாள் அரோரா அக்கினோவா நடிச்சாங்க. அரோரா யாருன்னா, 1983 ஆகஸ்ட் 21-ம் தேதி மணிலா ஏர்போர்ட்ல சுட்டுக் கொன்னாங்களே எதிர்க்கட்சித் தலைவர் நினோய் அக்கினோ, அவரோட அம்மா. மகனோட சவ ஊர்வலத்துல நின்னு அந்த அம்மா பாடணும். அந்தக் கொலை நடந்தப்ப மணிலாவுல லேயாவுக்கு 12 வயசு.

அந்த நாடகம் நடந்தது எந்த தியேட்டர் தெரியுமா? பிராட்வே தியேட்டர். 1991-ல மிஸ் சைகான் நடந்த அதே கட்டடம். 32 வருஷம் கழிச்சு அதே மேடையில ஏறி இந்த தடவ தன் நாட்டுக்காரியா பாடியிருக்காங்க. அதுவும் இங்கிலீஷ்லதான். சரளமான ஆங்கிலம் கைகொடுத்ததுன்னு எழுதினவர் இந்த 32 வருஷத்தையும் சேர்த்து எழுதியிருந்தா நான் இந்தக் கடிதமே எழுதியிருக்க மாட்டேன். அந்த நாடகம் ஓடினதும் கொஞ்ச நாள்தான், அந்த நவம்பர்லயே நிறுத்திட்டாங்க, அத நினைச்சா இப்பவும் எனக்கு வருத்தமா இருக்கு.

இன்னொரு விஷயம், இத விட்டதுதான் எனக்கு ரொம்பவே ஆதங்கம். 2024-ல மணிலாவுல அவங்களும் நடிகை டாலி டி லியோனும் ஆளுக்கு ஒரு காட்சின்னு மாத்தி மாத்தி ஒரு நாடகம் நடிச்சாங்க. மேடையில ஒரே ஒரு பொம்பளை, வேலை முடிஞ்சு வீட்டுக்கு வர்றா, அவ வீட்ல தனியா என்னென்ன பண்றாளோ அதான் நாடகம். வசனம் ஒரு வார்த்தை கிடையாது. ரெண்டு மொழி தெரிஞ்ச, உலகமே குரலுக்காக கொண்டாடற ஒரு பாடகி ஐம்பது வயசுக்கு மேல ரெண்டையும் ஓரமா வச்சிட்டு சும்மா ஒரு ரூமுக்குள்ள நடமாடறதுக்கு எவ்ளோ தைரியம் வேணும். இப்படி ஒருத்தங்கள பத்தி எழுதறப்ப டிஸ்னி இளவரசியின் குரல்னு தலைப்பு வைக்க எப்படி மனசு வந்துச்சு?

சார், நான் கேக்கறது ரெண்டு விஷயம். ஒண்ணு, அடுத்த ஞாயிறு சின்னதா ஒரு திருத்தம் போடுங்க, பேரு லேயான்னு. இன்னொண்ணு, இந்தக் கட்டுரை எழுதினவரையே மறுபடி எழுதச் சொல்லுங்க, அவருக்கு பாட்டு மேல ஆசை இருக்குன்னு எழுத்துலயே தெரியுது, மேடைய மட்டும் வச்சு எழுதச் சொல்லுங்க. வந்தா அந்தப் பக்கத்த வெட்டி என் கிளாஸ் சுவத்துல ஒட்டப் போறேன், நான் சொன்னேனே அந்தப் பொண்ணு, அது இப்ப மறுபடி வர ஆரம்பிச்சிருக்கு, மொத வேலையா அதுக்குப் படிச்சுக் காட்டணும்.

இப்படிக்கு,
பல வருஷமா உங்க பேப்பர் படிக்கிற ஒரு பாட்டு டீச்சர்