நம் ஊர்ச் சத்திரத்தில் மறுபடி விளக்கெரிய: நன்கொடை வேண்டுகோள்

ஊர்ப் பெரியவர்களுக்கும் வெளியூரில் இருக்கும் நம் பிள்ளைகளுக்கும் சத்திரச் சீரமைப்புக் குழுவின் வணக்கம்.

தஞ்சாவூரிலிருந்து ராமேஸ்வரத்துக்கு ஜனங்கள் நடந்தே போன காலத்தில், வழி நெடுக மராட்டிய மன்னர்கள் வைத்த சத்திரங்கள் இருந்தன. ஒரத்தநாட்டு முத்தாம்பாள் சத்திரத்தைப் பார்க்காதவர் நம்மில் குறைவு. அந்தச் சத்திரங்களில் என்ன நடந்தது என்று இரண்டாம் சரபோஜி மன்னர் 1801இல் பிரிட்டிஷ் கம்பெனியின் பிரதிநிதியான ரெசிடென்டுக்குக் கடிதம் எழுதியிருக்கிறார். எந்தச் சாதி வழிப்போக்கரானாலும் சோறு உண்டு. சமைத்ததை உண்ணாதவர்களுக்கு அரிசியும் மளிகையும் கொடுத்துவிடுவார்கள். நள்ளிரவில் மணி அடித்து, இன்னும் சாப்பிடாதவர்கள் வரலாம் என்று கூவி அழைப்பார்கள். வந்த இடத்தில் படுத்துவிட்டால் குணமாகும் வரை மருந்தும் பத்தியச் சாப்பாடும். பிள்ளை பெற்ற பெண் மூன்று மாதம் தங்கலாம். அநாதைக் குழந்தைகளை வாத்தியார் பொறுப்பில் விட்டு, மூன்று வேளைச் சோறும் நான்கு நாளைக்கு ஒரு தடவை எண்ணெய்க் குளியலும் கொடுத்தார்கள்.

அந்த எண்ணெய்க் குளியலைப் படித்தபோது குழுக் கூட்டத்தில் கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. தாயில்லாப் பிள்ளையின் தலைக்கு எண்ணெய் வைப்பது யார் என்பது வரைக்கும் யோசித்திருக்கிறார்கள்.

நம் ஊர்ச் சத்திரம் ராஜா கட்டியதல்ல, ஊரார் கட்டியது. சிறியதுதான். மேற்குத் தாழ்வாரத்தின் ஓடு சரிந்துவிட்டது, விட்டங்களில் பாதி செல்லரித்துக் கிடக்கிறது. ஆனால் சுண்ணாம்புச் சுவர் இன்னும் கெட்டியாக நிற்கிறது. அதே நேரம், பஸ் நிறுத்தத்திலும் கோயில் மண்டபத்திலும் இரவில் படுப்பவர்கள் யார் யார் என்று நம் எல்லோருக்கும் தெரியும். பெரும்பாலும் பெண்கள், ஒரு காலத்தில் நம் வயல்களில் நாற்று நட்டவர்கள். அப்படி ஆதரவற்ற பத்துப் பேருக்காவது அங்கே ஆளுக்கொரு அறை கொடுக்க வேண்டும் என்பதே எங்கள் எண்ணம்.

கட்டடத்தைச் சரிசெய்தால் மட்டும் போதாது. நம் சத்திரம் சுவர் இடிந்து மூடப்படவில்லை. குத்தகை நெல் வருவது நின்றது, அடுப்பு அணைந்தது, அப்புறம்தான் கூரை போனது. ஜெர்மனியில் ஆக்ஸ்பர்க் நகரத்தில் யாகோப் ஃபுக்கர் என்ற வணிகர் ஏழைகளுக்காக 1521இல் நிறுவிய ஃபுக்கெரை குடியிருப்பில் இன்றும் ஏழைகள் வசிக்கிறார்கள். ஆண்டு வாடகை 88 சென்ட், ஒரு யூரோகூட இல்லை. இரண்டாம் உலகப் போரில் குண்டு விழுந்து இடிந்த வீடுகளைத் திரும்பக் கட்டினார்கள். அந்தக் குடியிருப்பை நடத்தும் அறக்கட்டளைக்குச் சொந்தக் காடுகள் உண்டு. அந்த வருமானம் பெரிய துணை. நமக்குக் காடு இல்லை. சரி, வங்கியில் ஒரு வைப்புத் தொகையாவது போட்டு வைக்கலாம்.

தேவை மொத்தம் 26 லட்சம் ரூபாய். அதில் 14 லட்சம் கூரை, தரை, கழிப்பறை, கைப்பிடிக் கம்பிகள், கிணற்றுக்கு மோட்டார் ஆகிய வேலைகளுக்கு. மீதி 12 லட்சம் நிரந்தர வைப்பு. வட்டியில் கரண்ட் பில்லும் மருந்துச் செலவும் ஆண்டுக்கொரு தடவை ஓடு மாற்றுவதும் நடக்கும். அந்த வைப்புத் தொகையில் யாரும், இந்தக் குழுவே ஆனாலும், கைவைக்க முடியாதபடி பத்திரம் எழுதிப் பதிவு செய்யப்போகிறோம். சாப்பாட்டுக்கு அறுவடை முடிந்ததும் வீட்டுக்கு ஒரு மூட்டை நெல் கேட்டு வருவோம்.

பணமாகத் தர முடியாதவர்கள் பழைய நாட்டு ஓடு, தேக்குச் சட்டம், இரண்டு நாள் கொத்து வேலை என்று எது கொடுத்தாலும் வரவில் எழுதிக்கொள்கிறோம். ஞாயிறு காலை சத்திரத் திண்ணையில்தான் இருப்போம். கொடுத்ததற்கு ரசீது உண்டு. வரவு செலவு மாதம் ஒருமுறை அங்கேயே ஒட்டப்படும்.

ஒரு வெண்கல மணியும் வேண்டியிருக்கிறது. இரவுச் சாப்பாடு முடிந்ததும், விட்டுப்போனவர் யாராவது உண்டா என்று கேட்டு அடிப்பதற்கு. அதை வாங்கித் தர விரும்புகிறவர்கள் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

இப்படிக்கு,
சத்திரச் சீரமைப்புக் குழுவினர்