ஹோல்புரூக் கூம்பு அறைகள் குறித்து எங்கள் பயணிகளுக்கு ஒரு விளக்கம்

மதிப்பிற்குரிய வாடிக்கையாளர்களுக்கு வணக்கம்.

கிராண்ட் கேன்யன் பயணத்தின் நான்காம் நாள் இரவு, அரிசோனாவின் ஹோல்புரூக் என்னும் சிற்றூரில், சாலையோரத்துக் கான்கிரீட் கூம்புகளில் தங்குகிறோம். சென்ற குழுவில் வந்த பெரியவர் ஒருவர், “பெட்டியைத் திறந்து வைக்கக்கூட இடம் இல்லையே” என்று வருத்தப்பட்டார். புறப்படும் முன்பே இதைச் சொல்லாதது எங்கள் தவறு.

1920களில் கார் வாங்கிய அமெரிக்கர்கள் வழியில் கூடாரம் அடித்துத் தங்கினார்கள். அதைக் கண்ட சாலையோரத்து நிலக்காரர்களும் பெட்ரோல் பங்க்காரர்களும் சிறு மரக் குடில்களைக் கட்டி வாடகைக்கு விட்டார்கள். குடில்கள் பெருகவே, ஓடும் காரை நிறுத்தவைக்க ஏதாவது விநோதம் தேவைப்பட்டது. கென்டக்கியைச் சேர்ந்த ஃபிராங்க் ரெட்ஃபோர்ட், சமவெளிப் பழங்குடியினரின் ‘டீப்பீ’ கூடார வடிவில் அறைகளைக் கட்டி, 1936இல் அவ்வடிவத்துக்குக் காப்புரிமையும் பெற்றார். டீப்பீ என்ற சொல் பிடிக்காமல் அவர் ‘விக்வாம்’ என்று பெயர் வைத்தார். உண்மையில் விக்வாம் என்பது வளைந்த கூரையுள்ள வேறு வகைக் குடிசை. ஹோல்புரூக் பகுதியின் நவஹோ மக்களுடைய பாரம்பரிய வீடோ இவ்விரண்டிலும் சேராது. ஆகவே இதைப் பழங்குடிப் பண்பாட்டின் சின்னமாக எண்ணி ஏமாற வேண்டாம். இது அசல் விளம்பரக் கட்டடம்.

ஏழு ஊர்களில் எழுந்த இவ்விடுதிகளில் மூன்றுதான் எஞ்சியுள்ளன. ஹோல்புரூக்கில் இருப்பதை, ரூட் 66 நெடுஞ்சாலை ஓரத்தில், 1950இல் செஸ்டர் லூயிஸ் கட்டினார். வடிவத்தைப் பயன்படுத்தியதற்கு அவர் ரொக்கமாக எதுவும் தரவில்லை. அறைகளில் இருந்த ரேடியோ, பத்து சென்ட் நாணயம் போட்டால் அரை மணி நேரம் பாடும். அப்படிச் சேர்ந்த காசுதான் ரெட்ஃபோர்டுக்குப் போனது. பிறகு புதிய ஐ-40 விரைவுச் சாலை ஊரைச் சுற்றிக்கொண்டு போனதால் வழிப்போக்கர்கள் குறைந்து, 1974இல் விடுதி மூடப்பட்டது. லூயிஸ் 1986இல் இறந்த பின், அவருடைய பிள்ளைகள் அதைப் பழுதுபார்த்து 1988இல் மீண்டும் திறந்தார்கள். கூம்புகளின் முன்னால் நிற்கும் பழைய கார்களைப் பார்த்து, விடுதி நிறைந்துவிட்டதோ என்று எண்ண வேண்டாம். அவை காட்சிக்காக நிறுத்தப்பட்டவை.

அறையின் அடிப்பகுதி சுமார் 14 அடி அகலமே. சுவர் உட்புறமாகச் சாய்ந்து செல்வதால் உயரமானவர்கள் ஓரத்தில் நிமிர்ந்து நிற்க முடியாது. அன்றைய இரவுக்கு ஒரு சிறு பையை மட்டும் எடுத்துக்கொண்டு, பெரிய பெட்டிகளை வண்டியிலேயே விட்டுவிடுங்கள். இது வசதிப்படாது என்று கருதுவோர் புறப்படுவதற்கு மூன்று வாரம் முன்னதாகத் தெரிவித்தால், அதே ஊரில் சாதாரண ஓட்டல் அறை எடுத்துத் தருகிறோம்.

இப்படிக்கு,
பயண ஏற்பாட்டுப் பிரிவு