ரெட் பீன்ஸ், இரண்டு பேருக்கு

அன்புள்ள மகளுக்கு,

அப்பா எழுதுவது. "ரெட் பீன்ஸ் அண்ட் ரைஸ், ரெண்டு பேருக்கு அளவு சொல்லுங்கப்பா" என்று நீ அனுப்பிய ஒற்றை வரி கிடைத்தது. போனில் சொல்லியிருப்பேன், நீ எடுப்பதில்லை. இரண்டு பேருக்கு என்றால் இரண்டு பேருக்கு. நான் எதுவும் கேட்கவில்லை.

எல்லாவற்றுக்கும் முன்னால் ஒன்று. வேகாத பீன்ஸை ஸ்லோ குக்கரில் போட்டுவிட்டு வேலைக்குப் போகாதே, மக்ளே. ரெட் பீன்ஸ் என்பது சிவப்பு ராஜ்மாதான், அதில் லெக்டின் என்று ஒரு நச்சு உண்டு. வேகாத நாலைந்து பீன்ஸ் வயிற்றுக்குள் போனாலே சில மணி நேரத்தில் வாந்தி, பிறகு வயிற்றுப்போக்கு. நன்றாகக் கொதித்தால்தான் அது சாகும். ஸ்லோ குக்கர் பல நேரம் அந்தச் சூட்டுக்கு ஏறாது. 80 டிகிரி செல்சியஸில் அரைகுறையாக வெந்தது பச்சையாகத் தின்பதைவிட மோசம். அதனால் ராத்திரி முழுக்க ஊறவை, குறைந்தது 5 மணி நேரம். ஊறிய தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் 30 நிமிடம் தளதளவென்று கொதிக்கவிடு. அதற்கப்புறம் எந்தப் பாத்திரத்தில் வேகவைத்தாலும் கவலையில்லை.

இரண்டு பேருக்கு அரை பவுண்டு, அதாவது 225 கிராம் போதும். ஆனாலும் நீ முழு பவுண்டு பாக்கெட்டையே போடு. கொஞ்சமாகப் போட்டால் சீக்கிரம் வற்றி அடிபிடிக்கும். இது மறுநாள்தான் ருசி. மிஞ்சியதை ஃப்ரீசரில் வைத்தால் மூன்று மாதம் கெடாது. வருகிறவர் நன்றாகச் சாப்பிடுகிற ஆள் என்றால் மிஞ்சவும் செய்யாது.

உப்புப் போட்டால் பயறு வேகாது என்று அம்மா சொல்வதைக் கேட்காதே. 2 லிட்டர் தண்ணீருக்கு ஒரு மேசைக்கரண்டி உப்புப் போட்டு ஊறவைத்தால் தோல் மெத்தென்று ஆகும், வெடிக்காது. வேகவிடாமல் செய்பவை வேறு: பழைய பயறு, புளிப்பு, தண்ணீரில் உள்ள சுண்ணாம்பு. நீ இருக்கிற இந்தியானாபோலிஸில் கடினத் தண்ணீர். ஊறும்போது கால் தேக்கரண்டி பேக்கிங் சோடா போடு. அதற்கு மேல் போனால் சோப்பு வாடை அடிக்கும்.

கறிதான் உனக்குச் சிக்கல். இதற்குப் போடுகிற பிக்கிள் மீட், அதாவது வினிகரிலும் உப்பிலும் ஊறவைத்த பன்றிக்கறி, லூசியானாவைத் தாண்டினால் கடையில் கிடைப்பது கஷ்டம். நீயே போட்டுக்கொள்ளலாம். எலும்பில்லாத பன்றித் தோள்கறி ஒன்றரை பவுண்டு, இரண்டு அங்குலத் துண்டுகள். 2 கப் தண்ணீர், ஒரு கப் வினிகர், கால் கப் கல்லுப்பு, 2 மேசைக்கரண்டி சர்க்கரை, 2 மேசைக்கரண்டி கடுகு, ஆறு பல் பூண்டு, கொஞ்சம் மிளகு, ஒரு பிரிஞ்சி இலை. கொதிக்கவைத்து, முழுக்க ஆறவைத்து, அப்புறம்தான் கறியைப் போட வேண்டும். சூட்டோடு ஊற்றினால் கறி வெளியே வெந்து போகும், உள்ளே உப்பு இறங்காது. ஃப்ரிட்ஜில் மூன்று நாள். உனக்குத்தான் பொறுமை இருக்கிறதே, இந்த வீட்டில் வேறு யாருக்கும் இல்லாத பொறுமை. போன் விஷயத்திலும் அதைத்தான் காட்டுகிறாய்.

அவ்வளவு நாள் இல்லையென்றால் புகைபோட்ட ஹாம் ஹாக், அதாவது பன்றிக் கணுக்கால், ஒன்று வாங்கு. கூட உட்கார்ந்து சாப்பிடுகிறவருக்குப் பன்றி ஆகுமா என்று முதலில் கேட்டுக்கொள். ஆகாதென்றால் புகைபோட்ட வான்கோழிக்கால் கிடைக்கும், சாஸேஜும் பன்றி இல்லாததாகப் பார்த்து வாங்கு. என்ன பதில் வந்தது என்று என்னிடம் சொல்ல வேண்டியதில்லை. சொன்னாலும் தப்பில்லை.

பீன்ஸ் கொதிக்கிற அரை மணி நேரத்தில் இன்னொரு சட்டியில் ஆண்டூயி என்கிற புகைபோட்ட பன்றி சாஸேஜ் முக்கால் பவுண்டை வட்டமாக நறுக்கிச் சிவக்க வதக்கித் தனியே எடுத்து வை. அந்தக் கொழுப்பிலேயே ஒரு பெரிய வெங்காயம், இரண்டு தண்டு செலரி, ஒரு பச்சைக் குடைமிளகாய், எல்லாம் பொடியாக. பத்து நிமிடமாவது வதங்க வேண்டும். சட்டியில் ஒட்டிய பழுப்பைக் காய்களின் ஈரத்தாலேயே சுரண்டி எடு, ருசி அதில்தான். பூண்டு நாலைந்து பல்லைக் கடைசி ஒரு நிமிடத்தில் போடு, கருகினால் கசக்கும். இதில் சீரகம், மஞ்சள், தாளிப்பு ஒன்றும் கிடையாது. பிரிஞ்சி இலை இரண்டு, தைம் அரைத் தேக்கரண்டி, மிளகு, கெயன் மிளகாய்த்தூள் கால் தேக்கரண்டி. உனக்கு அரைத் தேக்கரண்டி சரி, எல்லோரும் உன்னைப் போல் காரம் தாங்க மாட்டார்கள்.

சாஸேஜ் தவிர வதக்கியது எல்லாவற்றையும் பீன்ஸில் சேர்த்து, இரண்டு விரல் உயரத்துக்குத் தண்ணீர் நிற்க, சின்னத் தீயில் இரண்டு, இரண்டரை மணி நேரம். ஹாம் ஹாக் என்றால் இப்போதே போடு. பிக்கிள் மீட் என்றால் பொறு: கழுவி, தனியே பத்து நிமிடம் கொதிக்கவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, பீன்ஸ் விரலில் நசுங்கும் பதம் வந்த பிறகு சேர். முன்னாலேயே போட்டால் வினிகர் புளிப்பில் பயறு கல்லாகவே நின்றுவிடும். சாஸேஜ் கடைசி அரை மணியில். உப்பைக் கடைசியில் ருசி பார்த்த பிறகு போடு, கறியிலும் சாஸேஜிலும் ஏற்கெனவே இருக்கிறது.

முடிகிற நேரத்தில் ஒரு கரண்டி பீன்ஸைச் சட்டியின் பக்கத்தில் வைத்து மசித்துக் கலக்கு. குழம்பு பாலேடுபோல் கெட்டியாகும். கரண்டியைத் தூக்கினால் சொட்டாமல் மெதுவாக வழிய வேண்டும். அந்தக் கட்டத்தில்தான் அடிபிடிக்கும், ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை கிண்டு. பிடித்துவிட்டால் சுரண்டாதே, மேலே உள்ளதை வேறு பாத்திரத்துக்கு மாற்றிவிட்டு அடியை விட்டுவிடு. பேட்டன் ரூஜ் வீட்டில் நடந்தது உனக்கே தெரியும்.

சோறு தனியே. நீள அரிசி ஒரு கப்புக்கு ஒன்றேமுக்கால் கப் தண்ணீர். உதிரியாக இருக்கட்டும், பீன்ஸோடு சேர்த்து வேகவைக்காதே, அது ஜம்பலாயா வேலை, அதில்தான் அரிசி மற்றதோடு ஒரே சட்டியில் வேகும்.

திங்கள்கிழமைதான் செய்ய வேண்டும் என்றில்லை. அந்தக் காலத்தில் திங்கள் துணி துவைக்கிற நாள், துவைத்து முடிக்கும்வரை இது பாட்டுக்கு அடுப்பில் வெந்துகொண்டிருக்கும். அந்த நாளெல்லாம் போய் எத்தனை காலம் ஆச்சு. ஜாஸ் ட்ரம்பெட் கலைஞர் லூயி ஆர்ம்ஸ்ட்ராங் கடிதங்களை முடிக்கும்போது "ரெட் பீன்ஸ் அண்ட் ரைஸ்லி யுவர்ஸ்" என்று போடுவார். ஊர் ஊராக ஊதப் போன மனுஷனுக்கும் கடிதம் எழுத நேரம் இருந்தது.

ராத்திரி அடுப்பிலேயே விட்டுவிடாதே. அந்தச் சட்டி உள்ளே ஆறவே மணிக்கணக்காகும், காலையில் நுரைத்துப் புளித்திருக்கும். அகலமான பாத்திரங்களில் பிரித்து ஊற்றி இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் வை. மறுபடி சொல்கிறேன், ஸ்லோ குக்கர் வேண்டாம். அந்த ஆளுக்கும் சொல். நீ இல்லாத நேரத்தில் உதவி செய்கிறேன் என்று போட்டுவைத்துவிடப் போகிறார்.

காமெலியா கம்பெனி பீன்ஸ் நாலு பாக்கெட் வாங்கி வைத்திருக்கிறேன், வெள்ளிக்கிழமை தபாலில் போடுகிறேன். பழைய முகவரிக்கே அனுப்பவா, வேறு ஏதாவது இருக்கிறதா? அதை மட்டுமாவது எழுது, பார்சல் திரும்பி வந்தால் அம்மாவுக்கு நான் பதில் சொல்ல முடியாது.

அப்பா