கட்டி முடிக்கக்கூடிய தவணையைப் போடுங்கள்

கடன் வழக்கில் தீர்ப்பு வாங்கியிருக்கும் நிறுவனங்களுக்கும் அவர்களுடைய வழக்கறிஞர்களுக்கும்,

வணக்கம். சிங்கப்பூரில் ஹேவ்லாக் ஸ்குவேரில் இருக்கும் அரசு நீதிமன்றங்களுக்குக் கடன் விவகாரமாக வரும் நம்மவர்கள் சிலருக்குத் துணையாகப் போய் உட்காருகிறவன் நான். வழக்கறிஞன் இல்லை. கடனைத் தள்ளுபடி செய்யச் சொல்லி எழுதவில்லை. வாங்கியதைக் கொடுக்கத்தான் வேண்டும். ஆனால், தவணைத் தொகையை நீங்கள் முடிவு செய்கிற விதம் சரியில்லை.

செக்யூரிட்டி காவல் வேலை பார்க்கும் ஒருவர். தீர்ப்புப்படி அவர் கட்ட வேண்டிய கடன் 9,000 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்). வருமானம், சொத்து பற்றிய விசாரணைக்கு வந்திருந்தார். "ஒரு வருஷத்தில் முடித்துவிடலாம், மாதம் 750" என்றார் கடன் கொடுத்த தரப்பிலிருந்து வந்தவர். இவர் தலையாட்டிவிட்டார். கோர்ட்டில் வந்து "முடியாது" என்று சொல்ல நம் ஆட்களுக்கு வாய் வராது. சம்பளச் சீட்டு கையில்தான் இருந்தது, யாரும் பிரித்துப் பார்க்கவில்லை. அதில் அடிப்படைச் சம்பளம் ஒரு வரி, ஓவர்டைம் அடுத்த வரி. வீட்டுச் செலவு போக, அந்த 750 வெள்ளி முழுவதும் ஓவர்டைமிலிருந்துதான் வந்தாக வேண்டும். வேலை இடத்தை மாற்றினார்கள், ஓவர்டைம் போனது, மூன்றாம் மாதமே தவணை தவறியது. ஒன்று தவறினாலும் மீதி முழுவதையும் உடனே கட்ட வேண்டும் என்று ஏற்கெனவே கையெழுத்துப் போட்டிருந்தார்.

இன்னொன்றும் இருக்கிறது. ஒருவர் மேல் நொடிப்பு (திவால்) மனு போடக் கடன் 15,000 வெள்ளிக்குக் குறையாமல் இருக்க வேண்டும். அப்படி மனு வந்து, கடன் 150,000 வெள்ளிக்குள் இருந்து, நிலையான வருமானமும் இருந்தால், கடன் திருப்பிச் செலுத்தும் திட்டத்தில் 5 ஆண்டு வரை அவகாசம் கிடைக்க வழி உண்டு. 9,000 வெள்ளிக்காரர் மட்டும் 12 மாதத்தில் முடிக்க வேண்டுமாம். இன்னும் கொஞ்சம் கடன் வாங்கியிருந்தால் பிழைத்திருப்பாரோ என்னவோ!

ஒப்பந்தத்தில் வேறு வட்டி இல்லையென்றால் தீர்ப்புத் தொகைக்கு வழக்கமான வட்டி ஆண்டுக்கு 5.33 விழுக்காடு. 9,000 வெள்ளிக்கு முதல் மாதம் சுமார் 40 வெள்ளி வரும். மாதம் 250 கட்டினாலே ஏறக்குறைய மூன்றேகால் ஆண்டில் கடன் தீர்ந்துவிடும். 750 கேட்டால் என்ன ஆகிறது? உரிமம் பெற்ற வட்டிக்கடைக்கு ஓடுகிறார்கள். அங்கே மாதத்துக்கே 4 விழுக்காடு வரை வட்டி. அப்புறம் அந்தக் கடைக்காரரும் வழக்குப் போடுகிறார்.

அவருடைய மசேநி (மத்திய சேமநிதி) பணத்தை நீங்கள் தொட முடியாது. வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டையும் இந்தக் கடனுக்காக ஏலம் விட முடியாது. கடைசியில் உங்களுக்கு வரப்போவது அவருடைய மாதச் சம்பளத்திலிருந்துதான். அதனால் தொகையைச் சொல்வதற்கு முன் மூன்று மாதச் சம்பளச் சீட்டை வாங்கிப் பாருங்கள். ஓவர்டைமைக் கணக்கில் சேர்க்காதீர்கள். போனஸ் வந்தால் கூடுதலாகக் கட்டட்டும், அதையும் எழுதிக்கொள்ளுங்கள். ஒரு தவணை தவறினாலே மீதி முழுவதும் என்பதை, தொடர்ந்து இரண்டு தவறினால் என்று மாற்றுங்கள்.

நன்றி.