ஹோமுக்கு ஃபாரம் கேட்டு வரும் தாய்மார்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தண்டையார்பேட்டையில் இ-சேவை மையம் நடத்துகிறேன். பள்ளி திறக்கும் நேரத்தில் சாதிச் சான்று, வருமானச் சான்றுக்காக என் கடையில் கூட்டம் நிற்கும். அந்தக் கூட்டத்தில் ஓரிரு பெண்கள் மட்டும் வேறொன்று கேட்பார்கள்: "அண்ணா, புள்ளைங்கள ஹோம்ல வுடறதுக்கு ஃபாரம் எதுனா கீதா?"

போன ஜூனில் அப்படி வந்தவர் காசிமேட்டில் மீன் வெட்டிக் கொடுப்பவர். கணவர் இறந்துவிட்டார். மீன்பிடித் தடையால் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகள் கடலுக்குப் போகாத 61 நாளும் அவருக்குப் பாதி வேலைகூட இருக்காது. வாடகைக்கு வட்டிக்கு வாங்கியிருந்தார். இரண்டு பிள்ளைகளையும் ஏதாவது குழந்தைகள் இல்லத்தில் சேர்த்துவிட்டால் அவர்களாவது மூன்று வேளை சாப்பிடுவார்கள் என்றார். பாசமில்லாதவர் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். பெரியவளுக்குப் பேன் பார்த்துக்கொண்டேதான் இதையெல்லாம் சொன்னார்.

இந்தக் குடும்பத்துக்குச் சட்டத்திலேயே வழி இருக்கிறது. 2015-ம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டம், பிள்ளையை இல்லத்தில் சேர்ப்பதைக் கடைசி வழியாகத்தான் வைத்திருக்கிறது. கணவரை இழந்தவர், விவாகரத்தானவர், கைவிடப்பட்டவர் ஆகியோரின் பிள்ளைகளுக்கு நிதி ஆதரவு தரலாம் என்று அதன் 45-வது பிரிவு சொல்கிறது. அதன்படி, மத்திய அரசின் மிஷன் வாத்சல்யா என்ற குழந்தைகள் பாதுகாப்புத் திட்டத்தில் ஒரு பிள்ளைக்கு மாதம் 4,000 ரூபாய். மனு போக வேண்டிய இடம் மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகு. அனுமதிப்பது ஆட்சியர் தலைமையிலான குழு.

எங்கள் பக்கம் இது யாருக்குத் தெரிகிறது? குழந்தைகள் உதவி எண் 1098 தெரியும். அதற்குப் போன் போட்டால் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள் என்றும் ஒரு பயம் உண்டு. ராயபுரத்தில் அரசுக் குழந்தைகள் இல்லம் இருப்பதால், குழந்தைகள் நலம் என்றாலே அந்தக் கட்டடம்தான் பலருக்கும் ஞாபகம் வருகிறது. வீட்டிலேயே வைத்து வளர்க்கவும் அரசு பணம் தரும் என்று நான் சொன்னபோது அந்த அம்மா நம்பவே இல்லை.

தெரிந்தவர்களுக்கும் காகிதம் முட்டுக்கட்டை. கணவர் இறந்தவரிடம் இறப்புச் சான்று இருக்கும். ஓடிப்போனவனுக்கு ஏது சான்று? கைவிடப்பட்ட பெண் என்று சான்று வாங்கலாம்தான். விசாரணைக்கு ஆள் வரும்போது, "போன மாசம்கூட வந்துட்டுப் போனானே" என்று பக்கத்து வீட்டில் யாராவது சொல்லிவிட்டால் முடிந்தது கதை.

வருமான வரம்பு அதைவிட மோசம். நகரத்தில் ஆண்டுக்கு 96,000, அதாவது மாதம் 8,000 ரூபாய். மீன் வெட்டி, சாயங்காலம் இரண்டு வீட்டில் பாத்திரம் தேய்த்து 9,000 சம்பாதிக்கிறவருக்கு இந்த நிதி ஆதரவு கிடையாது. வாடகை, கரன்ட், கேஸ் போக அவர் கையில் என்ன மிஞ்சும்? இந்த வரம்பை வைத்தவர் வடசென்னையில் ஒரு மாதம் வாடகைக்குக் குடியிருந்து பார்க்கட்டும். மாநில அரசு 2025 செப்டம்பரில் தொடங்கிய அன்புக் கரங்கள் திட்டம் நல்ல திட்டம்; மாதம் 2,000 ரூபாய் வருகிறது. ஆனால் அது பெற்றோர் இருவரையும் இழந்த பிள்ளைகளுக்கும், ஒருவரை இழந்து மற்றவரால் பராமரிக்க முடியாத நிலையில் இருக்கும் பிள்ளைகளுக்கும்தான். உடம்பு நன்றாக இருந்து, உழைத்தும் போதாமல் நிற்கும் தாய் அதற்குள் வர மாட்டார்.

அந்த அம்மாவுக்கு மனு எழுதிக் கொடுத்தேன். பாதுகாப்பு அலகில் வாங்கிக்கொண்டார்கள், ஒப்புகைச் சீட்டு தரவில்லை. அடுத்த முறை போனபோது அந்த நாற்காலியில் வேறு ஆள். இருக்கிற சிலரே குழந்தைத் திருமணம், காணாமல் போன பிள்ளை, தெருவில் கிடைத்த பிள்ளை எல்லாவற்றுக்கும் ஓட வேண்டியிருக்கிறது என்பது தெரியும், அவர்களைத் திட்ட மனமில்லை. ஆனால் 60 ரூபாய் கட்டி வருமானச் சான்றுக்குப் போட்டால் உடனே விண்ணப்ப எண் கிடைக்கிறது, மனு யாரிடம் நிற்கிறது என்று பார்க்க முடிகிறது, தள்ளுபடி ஆனால் காரணம் வருகிறது. ஒரு பிள்ளை வீட்டில் வளர்வதா ஹோமுக்குப் போவதா என்பதை முடிவு செய்யும் மனுவுக்கு ஒரு எண்கூட இல்லாமல் அலைய வேண்டுமா?

ஆகவே நிதி ஆதரவு மனு ஒவ்வொன்றுக்கும் எண்ணும், இத்தனை நாளில் பதில் என்ற கெடுவும் கட்டாயமாக்க வேண்டும். வரம்பை உயர்த்தச் சொல்லி மத்திய அரசுக்கு மாநில அரசு எழுதட்டும். அது ஆகிறபோது ஆகட்டும். மே மாதத்தில் தண்டையார்பேட்டை, ராயபுரம் மண்டல அலுவலகங்களில் முகாம் போடுவதற்கு யாரையும் கேட்க வேண்டியதில்லை. ஜூனில் போட்டால் பிரயோஜனமில்லை, அதற்குள் பிள்ளைகளைக் கொண்டுபோய் விட்டிருப்பார்கள். அதிகாரிகள் வந்தால் போதும், முகாம் நடக்கிற நாளெல்லாம் என் கம்ப்யூட்டரும் பிரின்டரும் இலவசம்.

இப்படிக்கு,
இ-சேவை மையம் நடத்துபவர்,
தண்டையார்பேட்டை, சென்னை – 81