அந்த வீட்டுக் குறிப்பைத் திருத்திப் போடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன ஞாயிற்றுக்கிழமை இணைப்பில் வந்த வீட்டுக் குறிப்பு ஒன்றை டீக்கடையில் படித்தேன். பாத்ரூம் டைல்ஸ் இடுக்கில் கறை போகவில்லையா, பிளீச்சிங் பவுடரைத் தூவி அதன்மேல் ஆசிட்டை ஊற்றிப் பத்து நிமிடம் ஊறவிட்டுத் தேய்த்தால் பளிச்சென்று ஆகிவிடுமாம். ஐயா, இது ஆளைக் கொல்லும் குறிப்பு. அந்த இரண்டும் சேர்ந்தால் குளோரின் வாயு கிளம்பும். 1915-ல் முதல் உலகப் போரில் பதுங்குகுழியில் இருந்த சிப்பாய்கள் மேல் விட்டார்களே, அதே வாயுதான். காற்றைவிடக் கனம் என்பதால் தரையோடு தங்கும். நம் வீட்டுப் பெண்களோ குத்துக்காலிட்டு உட்கார்ந்து, முகத்தைத் தரைக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டுதான் தேய்க்கிறார்கள், கதவு வேறு சாத்தியிருக்கும், ஜன்னல் என்று பேருக்கு ஒரு சாண் வென்டிலேட்டர்.

நான் மேடவாக்கம் பக்கம் 22 வருடமாக டைல்ஸ் ஒட்டுகிறவன். என் தொழில் ஆசையில் சொல்கிறேன் என்று நினைக்க வேண்டாம், உண்மையில் நீங்கள் ஆசிட் ஊற்ற ஊற்ற எனக்குத்தான் வேலை கூடும்! ஆசிட் பட்டதும் நுரை பொங்குகிறதே, அதை அழுக்கு கிளம்புவதாக நம்பாதவரே கிடையாது. இடுக்கில் நாங்கள் அடைப்பது பெரும்பாலும் ஒயிட் சிமென்ட், அதில் இருப்பது சுண்ணாம்புச் சத்து. போர்வெல் தண்ணீர் காய்ந்து படிகிற வெள்ளை உப்பும் சுண்ணாம்புதான். எது கறை, எது ஜாயின்ட் என்று ஆசிட்டுக்கு எப்படித் தெரியும், இரண்டையும் சேர்த்துத்தான் தின்னும். முதல் தடவை மேல் தோல் உரிந்து வெள்ளையாகத் தெரியும், சந்தோஷமாக இருக்கும். ஆனால் உரிந்த இடம் சொரசொரப்பாகிவிடுவதால் அடுத்த மாதமே இன்னும் சீக்கிரம் கறுக்கும், உடனே இன்னொரு பாட்டில். இப்படியே நாலைந்து வருடம் போனால் இடுக்கு குழிந்து, தண்ணீர் டைல்ஸுக்கு அடியில் இறங்கி, கீழ் வீட்டுக்காரர் கூரையில் ஓதம் காட்டும். அப்புறம் மாடிக்கும் கீழுக்கும் சண்டை, கடைசியில் "மேஸ்திரி, நீங்க செஞ்ச வேலை சரியில்ல" என்று எனக்கு போன்.

சரி, கறைக்கு என்னதான் செய்வது? முதலில் அது என்ன கறை என்று பாருங்கள். டாய்லெட் பீங்கானில் தண்ணீர் நிற்கிற மட்டத்தில் வளையமாகப் படிவது உப்பு. மளிகைக் கடையில் எலுமிச்சை உப்பு (சிட்ரிக் ஆசிட்) கிடைக்கும், நாலு ஸ்பூனை ஒரு சொம்பு வெதுவெதுப்பான தண்ணீரில் கரைத்து (கொதிக்கிற தண்ணீர் வேண்டாம், பீங்கான் விரிசல் விடும்), பழைய துணியை அதில் நனைத்து வளையத்தின் மேல் ஒட்டிவிட்டு ராத்திரி முழுக்க விடுங்கள். காலையில் பிரஷ் போட்டால் இளகி வரும். ரொம்ப வருடத்து உப்பு என்றால் மூன்று நாலு ராத்திரி ஆகும், பொறுமை வேண்டும். இதையே டைல்ஸ் இடுக்கில் ராத்திரி முழுக்க விடாதீர்கள், இதுவும் புளிப்புதான், ஜாயின்ட்டை மெதுவாகவாவது அரிக்கும். செம்பழுப்பாக வழிந்திருந்தால் அது தண்ணீரில் உள்ள இரும்பு, அதற்கு பிளீச்சிங் பவுடர் போட்டால் கறை இன்னும் அழுத்தமாகப் பிடித்துக்கொள்ளும். இடுக்கில் கறுப்பாகப் புள்ளி புள்ளியாக இருப்பது பூஞ்சை. அதற்கு ஆப்ப சோடாவைத் தண்ணீரில் குழைத்து அப்பி, கால் மணி நேரம் கழித்துப் பழைய டூத் பிரஷ்ஷால் தேய்த்தாலே பாதி போகும். போகாததற்கு பிளீச்சிங் பவுடரைத் தண்ணீரில் கரைத்துத் தனியாகப் போடுங்கள், கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, அன்றைக்கு வேறு எதையும் கலக்காமல். ஆப்ப சோடாவோடு வினிகரைச் சேர்த்து நுரை வரவைக்கும் வித்தையும் வீண், ஒன்றை ஒன்று முறித்துக்கொண்டு மிஞ்சுவது கிட்டத்தட்ட வெறும் உப்புத் தண்ணீர். குளித்து முடித்ததும் வைப்பரால் தண்ணீரை இழுத்துவிட்டாலே பூஞ்சை பாதி அடங்கிவிடும், ஆனால் இதை யாரும் கேட்பதில்லை.

இன்னொன்று. எங்கள் தெருவில் வாராவாரம் ஒலிபெருக்கி வைத்த வண்டியில் ஆசிட், பினாயில், பிளீச்சிங் பவுடர் மூன்றும் வருகின்றன. லேபிள் இல்லாத பழைய தண்ணீர் பாட்டிலில் ஆசிட், பள்ளிக்கூடப் பையன் காசு நீட்டினாலும் கொடுக்கிறார்கள். வாங்குபவரின் அடையாள அட்டையைப் பார்த்துப் பதிவேட்டில் எழுதித்தான் ஆசிட் விற்க வேண்டும், 18 வயதுக்குக் கீழே உள்ளவருக்கு விற்கவே கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2013-லேயே சொல்லியிருக்கிறது. இதையும் உங்கள் நிருபர் யாராவது ஒரு நாள் தெருவில் நின்று பார்த்து எழுதலாம்.

திருத்தத்தை எங்கோ ஒரு மூலையில் நாலு வரியாகப் போடாமல், அந்தக் குறிப்பு வந்த அதே பக்கத்தில் அதே அளவில் போடுங்கள். அதை வெட்டி வைத்திருப்பவர்கள் நிறையப் பேர் இருப்பார்கள். என் வீட்டு ஃபிரிட்ஜிலேயே ஒட்டியிருந்தது, சாயங்காலம் வந்து நான்தான் கிழித்துப் போட்டேன்.

இப்படிக்கு,
டைல்ஸ் மேஸ்திரி ஒருவர்,
மேடவாக்கம்